அடுப்படித் தொகுப்பில் நாங்கள் இருவர்

கல்யாணமாகி அருப்புக்கோட்டைக்கு வந்த இரண்டாவது வருஷம், நானும் என் மாமியாரும் ஒருவருக்கொருவர் தெரியாமல் ஒரே புத்தகத்தில் எழுதினோம். எண்பதுகளின் கடைசி அது. வீட்டில் நாங்கள் மூன்று பேர்தான். கணவருக்கு மில்லில் ஷிப்டு வேலை. அத்தை மிஷன் பள்ளிக்கூடத்தில் தையல் டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். நான் திருச்சுழி ரோட்டில் இறங்கி ஒரு மைல் நடந்து போகவேண்டிய கிராமத்துப் பள்ளிக்கூடத்தில் சின்ன வகுப்புகளுக்கு டீச்சர்.

எங்களுக்குள் சண்டை என்று ஒன்றும் கிடையாது. சண்டை போடும் அளவுக்குப் பேசிக்கொண்டதில்லை என்று சொல்வதுதான் சரி. "சாப்பிட்டியா", "சாப்பிட்டேன் அத்தை", "பஸ்ஸு வந்துச்சா", "வந்துச்சு அத்தை", இவ்வளவுதான். ஞாயிற்றுக்கிழமை ஜெபத்துக்குக் கோயிலுக்கு ஒரே குடையில் போவோம். குடைக்குள்ளும் பேச்சு இருக்காது.

எங்கள் இருவருக்கும் பொதுவாக இருந்தது பஸ் ஸ்டாண்டுக் கடையில் நான் வாங்கி வரும் பெண்கள் மாத இதழ் ஒன்று. நான் படித்து முடித்து அரிசி டிரம் மேல் வைப்பேன். அத்தை எடுத்துக்கொண்டு போய்ப் படித்துவிட்டு, அதே இடத்தில் திரும்ப வைத்துவிடுவார். அந்த இதழில்தான் ஒருமுறை அரைப்பக்க அறிவிப்பு வந்தது. 'அடுப்படி' என்ற ஒரே பொருளில் பெண்கள் எழுதும் கதைகளும் கவிதைகளும் சேர்ந்த ஒரு தொகுப்பு வரப்போகிறது; யார் வேண்டுமானாலும் அனுப்பலாம்; தேர்வானால் புத்தகம் வீடு தேடி வரும், ஆகாவிட்டால் ஒன்றும் வராது. மதுரையில் கல்லூரி ஆசிரியை ஒருவரின் முகவரி கீழே இருந்தது.

முகவரியைப் பஸ் டிக்கெட்டின் பின்புறம் எழுதிக்கொண்டேன். இரண்டு நாள் கழித்து அதே இதழைப் புரட்டியபோது, அந்த அரைப்பக்கம் இல்லை. கத்தரிக்கோலால் நூல் பிடித்தது போல் நேராக வெட்டப்பட்டிருந்தது. மறுபக்கத்தில் தலையணை உறைக்கான பூ வேலைப் படம் இருந்தது எனக்கு நினைவு வந்தது. அத்தை அதற்காகத்தான் வெட்டியிருப்பார் என்று விட்டுவிட்டேன்.

மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில், பிள்ளைகள் வேப்பமரத்தடியில் விளையாடிக்கொண்டிருக்க, மிச்சமிருந்த பரீட்சைத் தாள்களில் என் கதையை எழுதினேன். கண்மாய் வற்றும் மாதங்களில் எங்கள் பக்கம் மீன் மலிவு. விரால் மீன் குழம்பு வைத்த ஒரு நாளில், மாமியார் மீன் தலையை மகனுக்கு வைப்பாள். மருமகளுக்கு வால் துண்டு வரும். அவள் பிறந்த வீட்டில் தலை எப்போதும் அவளுக்குத்தான். இதுதான் கதை. என் அம்மா பிறந்த ஊரின் பெயரைப் புனைபெயராக வைத்துக்கொண்டேன். பள்ளிக்கூடத்துக்கு வரும் தபாலையெல்லாம் தலைமையாசிரியர் பிரித்துப் பார்த்துவிடுவார் என்பதால், வீட்டு முகவரியைக் கொடுத்தேன்.

அரை வருஷம் போயிற்று. நான் மறந்தேபோனேன். ஒரு சனிக்கிழமை காலை தபால்காரர் வாசலில் நின்று மணி அடித்தார். கையில் ஒரே மாதிரி இரண்டு பழுப்புப் பொட்டலங்கள்.

"என்னம்மா, மாமியாருக்கு ஒண்ணு, மருமகளுக்கு ஒண்ணு. ரெண்டும் மதுரையிலருந்து. ரெண்டும் ஒரே கையெழுத்து. வீட்டுல என்ன விசேஷம்?"

அத்தை முந்திக்கொண்டு போய் இரண்டையும் வாங்கினார். என் பெயர் எழுதியதை என்னிடம் நீட்டினார். நானும் வாங்கிக்கொண்டேன். இருவரும் பொட்டலத்தைப் பார்த்தோம். அப்புறம் ஒருவரை ஒருவர் பார்த்தோம். அனுப்பியவர் முகவரி பெரிதாக இருந்தது. மறைக்க ஒன்றுமில்லை.

"பாலு பொங்குதான்னு பாரு" என்று சொல்லிவிட்டு அத்தை தன் அறைக்குள் போனார். அடுப்பில் பால் இல்லை.

நான் பின்கட்டில் துவைக்கிற கல்லின் மேல் உட்கார்ந்து புத்தகத்தைப் பிரித்தேன். முப்பத்தொரு பெண்கள் எழுதியிருந்தார்கள். பெரும்பாலும் புனைபெயர்கள். ஊரும் போடவில்லை. என் கதை ஐம்பத்திரண்டாம் பக்கத்தில் இருந்தது. அச்சில் அதை ஒருமுறை பார்த்தேன். மறுபடி பார்க்கப் பயமாக இருந்தது. அத்தையும் இந்தப் புத்தகத்தில் இருக்கிறார் என்றால் எது அவருடையது? அவர் கோயிலில் கிறிஸ்துமஸுக்குப் பிள்ளைகளுக்குப் பாட்டுக் கட்டிக் கொடுப்பார் என்று தெரியும். அதற்கு மேல் எனக்கு அவரைப் பற்றி ஒன்றும் தெரியாது என்பது, அந்தக் கல்லின் மேல் உட்கார்ந்திருந்தபோதுதான் உறைத்தது.

முதல் பக்கத்திலிருந்து தேடினேன். மண்ணெண்ணெய் வரிசையில் நின்று நின்றே சிநேகிதமான இரண்டு பெண்களைப் பற்றி ஒரு கதை. இருநூறு பிள்ளைகளுக்குச் சோறு வடிக்கும் விடுதிச் சமையல்காரம்மா, வீட்டுக்குப் போய்த் தனக்கு ஒரு ஆளுக்குப் பொங்கத் தெரியாமல் விழிப்பதாக இன்னொன்று. பம்பாயில் ஒரே அறையில் ஏழு பேர் குடியிருக்கும் வீட்டில், அடுப்படி என்பது ஒரு மூலை. அந்த மூலைக்குத் திரை போட்டு வைத்திருக்கும் ஒருத்தி அந்தத் திரைக்குள் போய் அழுதுவிட்டு வருவாள். அதைப் படித்ததும் நான் எதைத் தேடினேன் என்பதே மறந்துபோயிற்று. எல்லோருக்கும் இருப்பது அதே நான்கு சுவரும் ஒரு அடுப்பும்தான். அதற்குள் இத்தனை வீடுகளா என்று இருந்தது.

பிறகு ஒரு கவிதை வந்தது. தலைப்பு 'சூடு'. மருமகள் கையில் பட்ட தீக்காயத்தைப் பார்க்கிற மாமியார் பேசுவதாக இருந்தது.

'என் வீட்டுக்கு வந்து பட்ட சூடு
என் கையில் எரிகிறது
சொல்லத்தான் தெரியவில்லை'

போன கிறிஸ்துமஸுக்கு முறுக்குச் சுட்டபோது என் மணிக்கட்டில் எண்ணெய் தெறித்துப் புண்ணாகியிருந்தது. அன்றைக்கு அத்தை, "பாத்துப் பண்ணக் கூடாதா" என்று மட்டும் சொல்லிவிட்டு வெளியே போய்விட்டார். எனக்கு அது அன்றைக்குச் சுருக்கென்று இருந்தது. இப்போது இந்தக் கவிதை. மணிக்கட்டுத் தழும்பைத் தடவிக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருந்தேன். உள்ளுக்குள் இவ்வளவு வைத்திருக்கிறவரைப் போய் மீன் தலைக்காகக் கதை எழுதிவிட்டோமே என்று அழுகையே வந்துவிட்டது.

மறுநாளிலிருந்து நான் வேறு மருமகளாகிவிட்டேன். அதுவரை அத்தைதான் எழுந்து காப்பி போடுவார். நான் முந்தி எழுந்து, நல்ல டிக்காஷனாக இறக்கி, டம்ளரில் ஆற்றி அவர் கட்டிலுக்கே கொண்டுபோனேன்.

"எதுக்கு இதெல்லாம்?"

"குடிங்க அத்தை."

அவர் டம்ளரை வாங்கினார். உள்ளே ஒருமுறை எட்டிப் பார்த்தார். "வையி. வயிறு ஒரு மாதிரியா இருக்கு. அப்பறம் குடிக்கேன்" என்றார்.

மறுநாளும் வயிறு சரியில்லை. அதற்கு மறுநாளும் அப்படியே. நான் சீரகம் வறுத்துக் கஷாயம் வைத்துக் கொடுத்தேன். அதை மோந்து பார்த்துவிட்டு, இன்னும் தள்ளி வைத்தார். பள்ளிக்கூடத்துக்குப் போகும் வழியெல்லாம் எனக்கு அவர் வயிற்றைப் பற்றித்தான் கவலை. பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்த டீச்சரிடம் கைமருந்து கேட்டுவந்து அதையும் செய்து கொடுத்தேன். அத்தை அடுப்படியை விட்டு நகராமல், தான் சாப்பிடுவதைத் தானே செய்துகொள்ள ஆரம்பித்தார். நான் எவ்வளவு பிரியமாகப் பேசினேனோ, அவ்வளவு தூரம் அவர் ஒதுங்கினார்.

கணவர்தான் கண்டுபிடித்தார். வியாழக்கிழமை, மில்லிலிருந்து வந்ததும் என்னைப் பின்கட்டுக்குக் கூப்பிட்டார்.

"நீ குடுக்கிற காப்பிய அம்மா பப்பாளி மரத்துக்கு ஊத்துறாக. ரெண்டு நாளாப் பாக்கேன். என்ன நடக்குது இந்த வீட்டுல?"

பப்பாளித் தூரில் ஈ மொய்த்துக்கொண்டிருந்தது. எனக்கு ஒன்றும் புரியவில்லை.

சனிக்கிழமை காலை, அத்தை முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தபோது நேரே போய் எதிரில் உட்கார்ந்தேன்.

"அத்தை, நா போடுற காப்பி பிடிக்கலைன்னா சொல்லிருங்க. மரத்துக்கு ஏன் ஊத்துறீங்க?"

அவர் முறத்தைக் கீழே வைத்தார். முகம் சிவந்திருந்தது. "நா ஒண்ணு கேக்கேன், மறைக்காமச் சொல்லு. எம்மேல ஒனக்கு அம்புட்டுக் கோவமா? எலி மருந்து வாங்கி வைக்கிற அளவுக்கு நா என்ன பண்ணிட்டேன் ஒன்னைய?"

"எலி மருந்தா?"

"நாந்தான் படிச்சேனே. பஸ்ஸுல போற டீச்சரு. மாமியா மேல கோவத்துல எலி மருந்து வாங்கி, புளிப்பானைக்குப் பின்னாடி ஒளிச்சு வைக்கா. வருஷக்கணக்கா வச்சிருக்கா."

அந்தக் கதையை நானும் படித்திருந்தேன். கடைசியில் அந்த டீச்சர் மருந்தை எலிக்கே வைத்துவிட்டு மாமியாருக்கு வெந்நீர் போட்டுக் கொடுப்பாள். நல்ல கதை.

"ஐயோ அத்தை! அது நா இல்ல!"

"பஸ்ஸுல போற டீச்சரு வேற யாரு?"

"தமிழ்நாட்டுல ஒரு டீச்சர்தான் பஸ்ஸுல போறாளா?" என்று கேட்கும்போதே எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "நா விஷம் வச்சிருப்பேன்னு நெசமாவே நெனைச்சீங்களா?"

"நம்பலத்தா" என்றார் அத்தை. குரல் இறங்கியிருந்தது. "நம்பலதான். ஆனா தொண்டையில எறங்க மாட்டேங்குது. நீ வேற திடீர்னு காப்பியும் கஷாயமுமா தூக்கிட்டு வாரியா... பயந்துட்டேன்."

"அது நீங்க எழுதுன கவிதையப் படிச்சிட்டு..."

"எந்தக் கவிதை?"

"'சூடு'."

"எது, அந்த அழுமூஞ்சியா?" அத்தைக்கு உண்மையிலேயே கோபம் வந்தது. "நா ஏன் அப்பிடி எழுதப் போறேன்? 'என் கையில் எரிகிறது'ன்னு... கை எரிஞ்சா மருந்து போட வேண்டியதுதான்!"

ஒரு வாரமாக யாருடைய கவிதைக்கோ நன்றி சொல்லி இவருக்குக் காப்பி போட்டிருக்கிறேன். யாருடைய கதைக்கோ பயந்து இவர் அதை மரத்துக்கு ஊற்றியிருக்கிறார். நாங்கள் இருவரும் எழுதியது மட்டும் யார் கண்ணிலும் படவில்லை.

"அப்ப ஒன்னோடது எது?" என்று கேட்டார்.

உள்ளே போய்ப் புத்தகத்தை எடுத்து வந்து ஐம்பத்திரண்டாம் பக்கத்தைப் பிரித்துக் கொடுத்தேன். அவர் தன் புத்தகத்தில் ஒரு பக்கத்தைப் பிரித்து என்னிடம் கொடுத்தார். அரிசி முறத்துக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக உட்கார்ந்து படித்தோம்.

அவருடைய கவிதையின் தலைப்பு 'உட்காருங்கள்'. அதை நான் முதல் நாளே படித்துத் தாண்டிப்போயிருந்தேன்.

'உட்காருங்கள் என்கிறாள்.
நாற்பது வருஷம் நின்ற கால்களுக்கு
உட்காருவதும் ஒரு வேலைதான்.
உப்புப் பார்க்கவாவது கூப்பிடுவாள் என்று
கதவோரம் காது வைத்திருக்கிறேன்.'

விடுமுறை நாட்களில் நான் சமைக்கும்போதெல்லாம் அவர் உள்ளே வருவார். "நீங்க உக்காருங்க அத்தை, நா பாத்துக்கிறேன்" என்பேன். மரியாதை என்று நினைத்துத்தான் சொன்னேன். ஒரு தடவைகூட உப்புப் பார்க்கக் கூப்பிட்டதில்லை.

நிமிர்ந்தபோது அத்தை என் கதையை முடித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றிக்கொண்டிருந்தார்.

"ஏத்தா, இந்த வீட்டுக்கு வந்த புதுசுல, மொத மொத விராக்கொழம்பு வச்ச அன்னைக்கு நா தலைய ஒன் தட்டுலதான வச்சேன்? நீதான் 'எனக்குத் தலை வேண்டாம் அத்தை, பிடிக்காது'ன்ட்ட."

ஆமாம், சொல்லியிருந்தேன். புதுப்பெண். எல்லோரும் பார்த்துக்கொண்டிருக்க மீன் தலையை உறிஞ்சிச் சாப்பிடக் கூச்சப்பட்டு அப்படிச் சொன்னேன். கதை எழுதும்போது அது எனக்கு நினைவே வரவில்லை. அல்லது நினைவு வராதபடி எழுதினேன்.

"பிடிக்கும் அத்தை. கூச்சத்துல சொன்னேன்."

"இத வாயைத் தொறந்து எங்கிட்ட சொல்லாம, மதுரைக்குத் தபால்ல அனுப்புனியாக்கும்?"

"நீங்களும் மதுரைக்குத்தான அனுப்புனீங்க?"

அத்தை சிரித்தார். இரண்டு வருஷத்தில் அவர் பல் தெரியச் சிரித்து நான் பார்த்தது அன்றைக்குத்தான். முறத்து அரிசியைக் கோழி வந்து கொத்திக்கொண்டிருந்ததை இருவரும் கவனிக்கவில்லை.

அடுத்த மாதம் அந்தக் கல்லூரி ஆசிரியையிடமிருந்து கார்டு வந்தது. தொகுப்பில் எழுதிய எல்லோரும் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதுரையில் கூடுகிறோம், வரவேண்டும் என்று. நானும் அத்தையும் காரியாபட்டி வழியாகப் போகும் பஸ்ஸில் ஏறினோம். காரியாபட்டியில் இடம் கிடைக்கும் வரை நின்றுகொண்டே, எலி மருந்துக் கதையை எழுதியவள் எப்படி இருப்பாள் என்று பேசிக்கொண்டு போனோம். குண்டாக, உரத்த குரலோடு இருப்பாள் என்றார் அத்தை. ஒல்லியாக, பேசவே மாட்டாள் என்றேன் நான்.

ஒரு பள்ளிக்கூட வகுப்பறையில் கூட்டம். பதினேழு பேர் வந்திருந்தார்கள். அந்த ஆசிரியை ஒவ்வொருவராக எழுந்து எந்தப் பக்கம் தன்னுடையது என்று சொல்லச் சொன்னார். எலி மருந்துக் கதைக்கு எழுந்து நின்றவர் ஒரு கன்னியாஸ்திரி. பாலவனத்தத்துக்குப் பக்கத்தில் ஒரு மடத்தில் இருக்கிறார். தினமும் பஸ்ஸில் விருதுநகர் பள்ளிக்கூடத்துக்குப் போய்ப் பாடம் நடத்துகிறவர். வட்ட முகம், சின்னக் குரல்.

டீ கொடுக்கும்போது அத்தை நேரே அவரிடம் போனார்.

"சிஸ்டர், மாமியாரே இல்லாத ஒங்களுக்கு இம்புட்டும் எப்பிடித் தெரியும்?"

சிஸ்டர் இரண்டு பக்கமும் பார்த்துவிட்டு மெதுவாகச் சொன்னார். "எங்க மடத்துல மதர் இருக்காகளேம்மா."

அத்தை டீயைச் சிந்திக்கொண்டு சிரித்தார். சிஸ்டரும் சிரித்தார். "அவுக நல்லவுகதான்" என்று அவசரமாகச் சேர்த்துக்கொண்டார். "அதான் கடைசியில வெந்நீர் போட்டுக் குடுக்க வச்சேன்."

'சூடு' எழுதிய பெண் கடைசி பெஞ்சில் இருந்தாள். கல்லூரியில் படிக்கிற பிள்ளை. இருபது வயதுகூட இருக்காது. அடுத்த மாதம் அவளுக்குக் கல்யாணம் என்றாள். "மாமியார் எப்படி இருப்பாங்கன்னு தெரியல. இப்படி ஒருத்தங்க இருந்தா நல்லா இருக்குமேன்னு எழுதினேன்" என்றாள். கையிலிருந்த புத்தகத்தின் முனையை மடக்கி மடக்கி நிமிர்த்திக்கொண்டிருந்தாள்.

அத்தை அவள் கையைப் பிடித்துக்கொண்டார். "கெடைப்பாகத்தா. அவுகளுக்குச் சொல்லத் தெரியாட்டியும் நீ கேட்டு வாங்கிக்க" என்றார்.

அப்புறம் வாசிப்பு. அத்தை முறை வந்தபோது எழுந்து, தையல் வகுப்பு நடத்துகிற குரலில் கணீரென்று 'உட்காருங்கள்' படித்தார். "இதை உங்கள் மருமகள் படித்தார்களா?" என்று அந்த ஆசிரியை தயங்கிக்கொண்டே கேட்டார்.

"அந்தா உக்காந்திருக்கா" என்று என்னைக் காட்டினார் அத்தை. "அவ அம்பத்திரெண்டாம் பக்கம்."

மற்ற எல்லோரும் ஒரே நேரத்தில் பக்கத்தைப் புரட்டிய சத்தம் எனக்கு இன்னும் காதில் இருக்கிறது. நான் தலை நிமிரவில்லை. யாரோ ஒருவர் சிரிக்க ஆரம்பித்தார். அத்தனை பேரும் சிரித்தார்கள். விடுதிச் சமையல்காரம்மா கதையை எழுதியவர் எழுந்து வந்து, எங்கள் இருவர் புத்தகத்திலும் கையெழுத்துக் கேட்டார்.

திரும்பி வரும் பஸ்ஸில் அத்தை ஜன்னல் ஓரம். காரியாபட்டி தாண்டியதும் சொன்னார்: "அந்தப் பிள்ளை கவிதையப் போயி அழுமூஞ்சின்னுட்டேன். பாவம்."

அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் தொகுப்புகளுக்கு எழுதுவது ஒரு பழக்கமாகிவிட்டது. தொண்ணூறுகளில் அப்படிப் பல அறிவிப்புகள் வந்தன. கடிதம், மழை, பள்ளிக்கூடம், பயணம் என்று ஒவ்வொரு பொருள். அறிவிப்பைப் பார்த்ததும் அத்தை அதைச் சத்தமாகப் படிப்பார். வெட்டுவதில்லை. அனுப்பும் வரை ஒருவர் எழுதியதை இன்னொருவர் பார்ப்பதில்லை என்று பேசி வைத்திருந்தோம். அவருடையது நான்கு தொகுப்புகளில் வந்தது. என்னுடையது இரண்டில்தான்.

'கிணறு' என்ற பொருளில் ஒரு தொகுப்புக்கு நான் எழுதிய கதை திரும்பி வந்துவிட்டது. அதற்குத்தான் நான் மிகவும் பாடுபட்டிருந்தேன். அத்தையின் கவிதையை எடுத்துக்கொண்டிருந்தார்கள். நான் கதையைப் பீரோவுக்குள் வைத்தேன். எனக்குத் தெரியாமல் அத்தை அந்தத் தொகுப்பாசிரியருக்கு ஒரு இன்லண்டு லெட்டர் போட்டிருக்கிறார். 'என் மருமகள் எழுதிய கதையைக் காரணம் சொல்லாமல் திருப்பியது முறையல்ல. என் கவிதையைவிட அது நல்ல கதை. காரணத்தை எழுதவும்' என்று.

பதில் வந்தபோதுதான் எனக்கு விஷயமே தெரியும். அந்தத் தொகுப்பாசிரியர் கோபித்துக்கொள்ளவில்லை. ஒரு பக்கம் முழுக்க எழுதியிருந்தார். கதையில் கிணறு வருவதற்கு முன் நான்கு பக்கம் ஓடிவிடுகிறது. கிணற்றுக்குள் இறங்கிய ஆள் என்ன பார்த்தான் என்று எங்குமே இல்லை. பார்க்காத ஒன்றை எழுதியது போல் இருக்கிறது.

அத்தை அதைக் கண்ணாடி போட்டுக்கொண்டு இரண்டு தடவை படித்தார். நான் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்காக இன்னொரு லெட்டர் எழுதுவார் என்று நினைத்தேன்.

"சரியாத்தான் சொல்லியிருக்காக" என்றார். "நீ கெணத்துக்குள்ள எறங்கிப் பாத்திருக்கியா?"

"இல்ல அத்தை."

"நா பாத்திருக்கேன். சின்னப்பிள்ளையில தூர் வாருறப்ப எங்கய்யா எறக்கி விட்டாக. கீழ இருந்து மேல பாத்தா வானம் இம்புட்டுதான் தெரியும், தட்டு மாதிரி. சத்தம் போட்டா ஒன் குரலே ஒனக்குப் புதுசா இருக்கும். அத எழுது."

"அது ஒங்களோடதுல்ல?"

"நா ஏற்கெனவே ஒண்ணு குடுத்துட்டேன். இத நீ வச்சுக்க" என்றார்.

அந்த வாரம் முழுக்க மத்தியான நேரத்தில் உட்கார்ந்து முதல் நான்கு பக்கத்தையும் வெட்டினேன். சனிக்கிழமை அவரிடம் உட்கார்ந்து கேட்டேன்: கிணற்றின் சுவரில் கால் வைத்தால் வழுக்குமா, உள்ளே குளிருமா, என்ன வாடை அடிக்கும். அவர் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டேன். புது வடிவத்தைத் திரும்ப அனுப்பியபோது அந்தத் தொகுப்பு அச்சுக்குப் போய்விட்டிருந்தது. ஒரு வருஷம் கழித்து வேறொரு தொகுப்பில் அந்தக் கதை வந்தது. அதன் பொருள் 'குழந்தைப் பருவம்'. யாருடைய குழந்தைப் பருவம் என்று யாரும் கேட்கவில்லை.